கத்தரியால் வெட்டிய மாத்திரை

பெரியவளுக்கு அம்மா எழுதுவது. இங்கே எல்லோரும் நலம் என்று ஆரம்பிக்கத்தான் ஆசை, ஆனால் நீ எங்களை நம்பி விட்டுப்போன உன் நாய் மூக்கன் நேற்றுதான் எழுந்து நின்றான், அவனைப் படுக்க வைத்த புண்ணியவான் உன் அப்பா. நீ வேளைக்குச் சாப்பிடுகிறாயா?

மூக்கனுக்குத் தோலில் புண் வந்து, நாய் டாக்டரம்மா தினம் ஒன்றாகப் பத்து நாளைக்கு ஆன்டிபயாடிக் எழுதிக்கொடுத்தாரே, நாலாம் நாளே புண் காய்ந்துவிட்டது. உடனே அப்பா, போதும் போதும், மிச்சத்த எடுத்து வை, இன்னொரு தடவைக்கு ஆகும் என்று நிறுத்திவிட்டார். நாற்பது வருஷம் துணி தைத்த கை, வெட்டி மிஞ்சிய துண்டைக்கூட எறியாது, மாத்திரையும் அப்படித்தான் என்று நினைப்பு. இரண்டு வாரத்தில் புண் திரும்ப வந்தது, முன்னைவிட மோசமாக. எடுத்து வைத்த ஆறையும் கொடுத்துப் பார்த்தார், கேட்கவில்லை. அப்போதாவது டாக்டரிடம் போகக்கூடாதா? வீட்டில் மிஞ்சும் மருந்தையெல்லாம் போட்டு வைக்கும் பிஸ்கட் டப்பாவைத் திறந்து, தன் பல்வலிக்கு வாங்கி மிஞ்சிய ஆன்டிபயாடிக்கை எடுத்தார். இஞ்ச் டேப்பால் மூக்கனின் மார்பை அளந்து, என்னில பாதி இருக்கான், பாதி போதும் என்று துணி வெட்டும் கத்தரியாலேயே மாத்திரையை வெட்டினார். நான் தலைபாடாய் அடித்துக்கொண்டேன், செவிடன் காதில் ஊதிய சங்குதான். சாயங்காலமே வாந்தி, பேதி, தண்ணீர்கூட உள்ளே நிற்கவில்லை, தையல் மிஷினுக்கு அடியில் துணிபோல் கிடந்தான். தூக்கிக்கொண்டு ஓடினோம். மனுஷனுக்கு எழுதுனத நீங்களா நாய்க்குக் குடுக்கலாமா, பாதியில நிறுத்துனா கிருமி அந்த மருந்துக்கே அசராம போயிடும், இன்னும் ஒரு நாள் விட்டிருந்தா போயிருப்பான் என்று டாக்டரம்மா சொல்லச் சொல்ல, வீட்டில் வாய் கிழியப் பேசுகிற மனுஷன் புது மருந்து எத்தனை நாள் என்று மட்டும் மெதுவாகக் கேட்டார். இப்போது புது மருந்து, பதினாலு நாள். சுவரில் தையல் சாக்பீஸால் பதினாலு கோடு போட்டு, ஒவ்வொரு நாளும் கொடுத்த பிறகு ஒன்றை அழிக்கிறார். நேற்று மூக்கன் அவர் காலை நக்கியதும் அழுதுவிட்டார். எனக்கு அப்போதும் கோபம் ஆறவில்லை.

நோய்நொடி இல்லாமல் நன்றாக இரு கண்ணு. ஒன்று மட்டும் மறக்காமல் செய். டப்பாவைக் காலி செய்தபோதுதான் எனக்கு உறைத்தது, மிஞ்சிய மருந்தை அதில் சேர்த்து வைக்க ஆரம்பித்ததே நான். தொண்டை கட்டினால் போட்டுக்கொள் என்று உன் பெட்டியில் மிஞ்சிய பாதி அட்டை மாத்திரையை வைத்ததும் நானே. அதைத் தொடாதே, மருந்துக்கடையில் கொடுத்துவிடு. அப்பாவிடம் இதை இன்னும் சொல்லவில்லை, கடைசிக் கோடு அழிந்த அன்று சொல்வேன்.

அவரை மட்டுமே திட்டித் தீர்த்த,
உன் அம்மா