உங்கள் குரல் இல்லாத ஒன்பது படங்கள்

என் அன்புக்குரிய லூச்சியா அம்மா,

உங்களை அனுப்பிவைத்து மூன்று கிழமையாகிவிட்டது. என்மேல் கோபமாக இருப்பீர்கள். இருங்கள், அதற்கு உங்களுக்கு உரிமை உண்டு.

நீங்கள் வேண்டாம் என்றதைத்தான் செய்தார்கள். செயின்ட்-மிஷேல் மண்டபத்தில், உங்கள் சவப்பெட்டிக்குப் பக்கத்தில் திரை வைத்து, பழைய படமொன்றில் தங்கையின் பிணத்தைப் பார்த்து நீங்கள் கதறும் காட்சியை உங்கள் மகன் போட்டார். "எங்கள் அம்மாவின் இளமைக் குரல்" என்று பிரெஞ்சில் சொன்னார். மண்டபமே அழுதது.

அவருக்குத் தெரியாது, பாவம். பெற்ற பிள்ளைக்குச் சொல்ல வெட்கப்பட்டீர்கள். உங்களைப் பராமரிக்க வந்த எனக்குத்தான் சொன்னீர்கள். பத்தொன்பது வயதில் இத்தாலியின் தெற்கிலிருந்து ரோமுக்கு நடிக்கப் போனபோது, முகம் போதும், பட்டிக்காட்டுப் பேச்சு வேண்டாம் என்றார்களாம். ஒன்பது படங்களிலும் வாயசைத்தது நீங்கள், ஒலிக்கூடத்தில் நின்று பேசியது வேறொருத்தி. அந்தக் கதறல் காட்சிக்கு வசனம்கூடத் தரவில்லையாம். ஒன்று, இரண்டு என்று எண்ணிக்கொண்டே அழச் சொன்னார்களாம். அந்த வசனத்தைப் பிறகு திரையரங்கில் கேட்டுத்தான் பாடமாக்கினீர்களாம்.

பிறகு கல்யாணம், மொன்றியல், செயின்ட்-லோரன்டில் தையல் தொழிற்சாலை. பிறந்தநாள் வீடியோக்களில் உங்கள் குரல் எங்காவது இருக்கும். நடிகையாக நீங்கள் பேசியது எங்கே இருக்கிறது?

உங்கள் பிரெஞ்சை மனதுக்குள் யாழ்ப்பாணத் தமிழாக்கித்தான் கேட்பேன். "நான் செத்தா அந்தப் படத்தைப் போட விடாதை பிள்ளை. அந்த வசனத்தை நானே சொல்லுறன், உன்ர போனில பதி. அதைப் போடட்டும்." எத்தனை தரம் கேட்டீர்கள்!

"பேந்து பார்ப்பம் அம்மா" என்றேன். எங்கள் வீட்டில் படுக்கையில் கிடப்பவரைப் படம்கூட எடுக்கமாட்டோம். எடுத்தால் சாவுக்கு நாள் குறித்துக் கொடுத்ததுபோல. அதை உங்களிடம் சொல்ல வாய் வராமல், போனில் சார்ஜ் இல்லை என்று பொய் சொன்னேன். உங்களைக் காப்பாற்றுகிறேன் என்று நினைத்தேன், பைத்தியக்காரி.

ஒருநாள் பொறுமையிழந்து, கட்டிலில் நிமிர்ந்து உட்கார்ந்து, அந்த வசனத்தைச் சொல்லியே காட்டினீர்கள். உங்கள் ஊர்ப் பேச்சில். எனக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை, மேலெல்லாம் புல்லரித்தது. அப்போதும் போன் என் பைக்குள்தான் கிடந்தது.

மண்டபத்தில் எழும்பி உண்மையைச் சொல்லப் போனேன். என் கணவர் கையைப் பிடித்து இழுத்தார். "செத்தவீட்டில இதையெல்லாம் கதைக்கிறதே? பேசாம இரும்." இருந்துவிட்டேன்.

நேற்று உங்கள் பேத்தியை மெட்ரோவில் கண்டேன். அந்தக் காட்சியைப் போனில் வைத்திருக்கிறாள், பள்ளிக்கூடம் போகும்போது தினமும் கேட்கிறாளாம். ஒரு பக்கத்து இயர்போனை என் காதிலும் வைத்தாள். அதைப் பறித்தால், பதிலுக்குக் கொடுக்க என்னிடம் என்ன இருக்கிறது?

இதைவிடக் கேவலம் ஒன்று இருக்கிறது. இன்று காலை, நீங்கள் கட்டிலில் இருந்து சொன்னதை நினைவில் கேட்டுப் பார்த்தேன். உங்கள் வாய் அசைகிறது, கண் கலங்குகிறது. குரல் மட்டும் அந்த மற்றவளுடையது.

வருகிற ஞாயிறு கர்க்லாண்டில் உங்கள் மகன் வீட்டுக்குப் போவேன். பேத்தியையும் இருத்திவைத்து எல்லாவற்றையும் சொல்வேன். உங்களுக்கென்று ஒரு குரல் இருந்தது, அந்தக் குரலில் நீங்கள் நடித்ததைக் கேட்டவள் நான் ஒருத்திதான், நானும் அதைத் தொலைத்துவிட்டேன் என்பது வரைக்கும் சொல்வேன் அம்மா. இது சத்தியம்.

குளிக்க வார்த்து, தலை இழுத்து வாரிவிட்டு, கேட்ட ஒன்றை மட்டும் செய்யாத
உங்கள் மகள்,
தவமலர்