உயிரோடிருப்பவளின் பெயர்

அன்புள்ள அக்கா,

கண்நோய் என்று துறைமுகத்து டாக்டர் உன்னை மட்டும் கப்பலில் திருப்பி அனுப்பிய பிறகு, ஊரில் சித்தி வீட்டில் எப்படி இருக்கிறாய்? நியூயார்க்கில் நாங்கள் சௌக்கியம். அப்பா தாடியை எடுத்துவிட்டார். பள்ளியில் என்னை ரோஸ் என்கிறார்கள்.

நமக்குத் தங்கை பிறந்திருக்கிறாள். சனிக்கிழமை அப்பா இங்குள்ள யூத ஜெப ஆலயத்தில் அவளுக்குப் பெயர் சூட்டிவிட்டு வந்து, “ப்ளூமே” என்றார். உன் பெயர்.

படுத்திருந்த அம்மா எழுந்துவிட்டாள். “செத்தவங்க பேரைத்தானே நம்ம ஜனங்க பிள்ளைக்கு வைப்பாங்க? என் மக உசுரோட இருக்கா!”

“கத்தாதடி. இது அமெரிக்கா. அவளை இனி உள்ள விடமாட்டானுங்க. அந்தப் பேரை இந்த வீட்டுல ஒரு தடவையாவது நான் கூப்பிட வேணாமா?”

அதன்பின் அம்மா அவரிடம் பேசவில்லை. பிள்ளைக்குப் பால் கொடுக்கிறாள்; பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை.

பிள்ளை பார்க்க வரும் பெண்கள் பெயரைக் கேட்டதும், “ஐயோ, மூத்தவ எப்போ தவறினா?” என்று துக்கம் விசாரிக்கிறார்கள். அப்பா இல்லையென்று சொல்வதில்லை. தலையைக் குனிந்துகொள்கிறார். நான்தான் ஒவ்வொருத்தியிடமும், “அக்கா உசுரோட இருக்கா” என்று கத்துகிறேன்; யாரும் நம்புவதில்லை.

கண் ஆறியிருந்தால் எழுது. ஆறாவிட்டாலும் எழுது. உன் கையெழுத்தை இந்தக் கட்டடத்தில் ஒவ்வொரு கதவாகத் தட்டிக் காட்டப்போகிறேன். முதலில் அப்பாவிடம்.

இப்படிக்கு,
உன் முதல் தங்கை