எல்லோருக்கும் பதினெட்டு

மார்ச் 3, திங்கள்

பகல் வேலை. வார்டில் இருபத்திரண்டு நோயாளிகள், நர்ஸ் நாங்கள் இரண்டே பேர். பத்தாம் படுக்கைக்கு ஒரு கணக்கு டீச்சர் வந்திருக்கிறார். சர்க்கரை நோய். காலில் சீழ்க்கட்டி, காலையில்தான் கீறி எடுத்தார்கள். ஊசி போடப் போனதும், "மெதுவா குத்தும்மா, நான் யாரையும் ஃபெயில் போட்டதில்ல" என்றார். வார்டே சிரித்தது.

மார்ச் 5

எழுதக் கை வரவில்லை. ஆனாலும் எழுதுகிறேன்.

காலை பத்து மணிக்கு டீச்சருக்குக் காய்ச்சல் இல்லை. நாடித்துடிப்பு கொஞ்சம் வேகம். மூச்சு — பதினெட்டு என்று போட்டேன். எண்ணவில்லை. யார்தான் எண்ணுகிறோம்? ஒரு நிமிடம் முழுக்க நெஞ்சைப் பார்த்துக்கொண்டு நிற்க யாருக்கு நேரம்? சார்ட்டில் மூச்சுக்கான கட்டத்தில் எல்லோருக்கும் பதினெட்டு போட்டுக்கொண்டே போவது எங்கள் வார்டுப் பழக்கம்.

அவர் தங்கை ஓடி வந்து, "அக்கா ஏதோ உளர்றாங்க, கையெல்லாம் ஜில்லுனு இருக்கு" என்றார். "வலி ஊசி மயக்கம்தான், காய்ச்சல்கூட இல்லையே" என்று அனுப்பிவிட்டேன்.

இரண்டு மணிக்கு டாக்டர் வந்தார். கடிகாரத்தைப் பார்த்துத் தானே எண்ணினார். முப்பத்திரண்டு. ரத்த அழுத்தம் அதலபாதாளம். "செப்சிஸ்" என்றார். கட்டியின் கிருமியோடு போராடப் போன உடம்பு, தலைகால் தெரியாமல் தன் உறுப்புகளையே தாக்கும் நிலை. ரத்தம் எடுத்துப் பரிசோதனைக்கு அனுப்பினோம். உடனே ஆன்டிபயாடிக், சலைன், தீவிர சிகிச்சைப் பிரிவு.

"காலைல மூச்சு எவ்வளவு இருந்துச்சு?"

"பதினெட்டு சார்."

கூசாமல் சொன்னேன்.

மார்ச் 6

விடுப்பு. போன் செய்து கேட்டேன். மூச்சுக்குக் குழாய் வைத்திருக்கிறார்களாம். பிழைப்பாரா?

மார்ச் 8

டாக்டர் எங்களை நிற்க வைத்துச் சொன்னார்: "சர்க்கரை இருக்கறவங்க, வயசானவங்க, ஆபரேஷன் ஆனவங்க — இவங்களுக்குக் காய்ச்சலே இல்லாம செப்சிஸ் வரலாம். வேகமான மூச்சும் உளறலும்தான் பல பேருக்கு முதல்ல காட்டிக்கொடுக்கும். ஒவ்வொரு மணி நேரமும் முக்கியம்." பிறகு, "பத்து மணிக்குப் பதினெட்டு, ரெண்டு மணிக்கு முப்பத்திரண்டு. ரொம்ப சீக்கிரம் முத்திடுச்சு" என்றார்.

என் பொய்யை வைத்துக்கொண்டு அவர் நோயின் வேகத்தைக் கணக்குப் போடுகிறார். வாயைத் திறந்தேனா? இல்லை. எனக்கெல்லாம் எதுக்கு இந்த வெள்ளை உடுப்பு?

மார்ச் 13

கண் விழித்துவிட்டார். சிறுநீரகமும் தேறி வருகிறது. ஆனால் ரத்த ஓட்டம் போகாமல் வலது கையில் மூன்று விரல் நுனிகள் கறுத்துவிட்டன, எடுக்க வேண்டுமாம். தங்கை என் கையைப் பிடித்துக்கொண்டு, "நீங்கள்லாம் இல்லேன்னா அக்கா இல்ல" என்று அழுதார். கன்னத்தில் அறைந்திருந்தால் தேவலை.

மார்ச் 14

இன்று எல்லோருக்கும் எண்ணினேன். இருபத்திரண்டு நிமிடம் ஆனது. இரண்டு பேருக்குத்தான் பதினெட்டு.

மார்ச் 24

டீச்சர் வார்டுக்குத் திரும்பி நான்கு நாள் ஆகிறது. மதியம் தனியாக இருந்தார். நின்றபடியே சொல்லிவிட்டேன்: எண்ணவில்லை, பொய்யாகப் போட்டேன், நான்கு மணி நேரம் வீணாகிவிட்டது.

"தெரியும்" என்றார். "ஃபைலைப் பாத்தேன். மூணு நாளும் பதினெட்டு. முப்பது வருஷம் பேப்பர் திருத்தினவளுக்குக் காப்பியடிச்சது தெரியாதா? நீயா வந்து சொல்லுவியான்னு பாத்துக்கிட்டிருந்தேன்."

அழுதேன். அவர் சமாதானம் சொல்லவில்லை. கட்டுப் போட்ட கையைத் தூக்கிக் காட்டினார்.

"மேட்ரனுக்குப் புகார் எழுதணும். எனக்குப் பேனா பிடிக்க வராது. நான் சொல்றேன், நீ எழுது."

எழுதினேன். என் பெயர், தேதி, நேரம் எல்லாம். 'மூச்சை எண்ணுவதில் கவனக்குறைவாக இருந்தார்' என்று எழுதியதை வாங்கிப் படித்தார்.

"கவனக்குறைவா? நான் அப்படியா சொன்னேன்? பொய்யா எழுதினாங்கன்னு போடு."

அடித்துவிட்டு, அப்படியே போட்டேன்.