பஸ்ஸில் எடுத்த வீடியோ

இன்று காலை இரத்தினபுரி பஸ்ஸில் முன் சீட்டுக் கம்பியில் ஒரு ஸ்டிக்கர் பொட்டு ஒட்டியிருந்தது. டவுன் நெருங்கும்போது, தமிழ் என்று தெரியக் கூடாதென்று, நம் தேயிலைத் தோட்டத்துப் பெண் யாரோ நெற்றியிலிருந்து எடுத்து அங்கே ஒட்டிவிட்டு, இறங்கும் அவசரத்தில் மறந்துபோயிருக்கிறாள். உன் ஞாபகம் வராமல் இருக்குமா?

இதைத்தானே நீ கலையாக்கினாய். படித்துப் படித்துப் பிள்ளைக்குப் பித்துப் பிடித்துவிட்டது என்று நம் லயத்து வீடுகளெல்லாம் சிரித்தன. கொழும்பில் பழைய பஸ் சீட்டுகளை அடுக்கி, கம்பியெல்லாம் பொட்டாக ஒட்டி நீ காட்சிக்கு வைத்தபோது வந்தவர்கள் பாராட்டினார்கள். நடுவில் இருந்த திரை மட்டும் வெறுமையாக இருந்தது. ஏன் என்று நம் இருவருக்கும் உன் அம்மாவுக்கும்தான் தெரியும்.

அந்தத் திரைக்கான வீடியோவை எடுத்தது நான். தேர்தல் முடிந்து, தமிழ் ஆட்களை எல்லோரும் முறைத்துக்கொண்டிருந்த வாரம் அது. இப்போது வேண்டாம் என்று கெஞ்சினேன். "பயமா இருக்கிறப்பதான் செய்யணும்" என்றாய். டவுனுக்கு முன்னால் வரும் குருவிட்டையைத் தாண்டியதும் மற்ற பெண்கள் பொட்டை எடுக்க, நீ எழுந்து நின்று ஒட்ட ஆரம்பித்தாய். நெற்றி, கன்னம், மூக்கு, கண்ணிமை என்று முகமே மறைந்துகொண்டு வந்தது. பின் சீட்டு ஆட்கள் முதலில் சிரித்தார்கள். பிறகு சிரிப்பு நின்றது. ஒருவன் எழுந்து வந்தான். கண்டக்டர் பஸ்ஸை நிறுத்தி, இது யார், யாரோடு வந்தது என்று சிங்களத்தில் கேட்டார். நான் எடுத்துக்கொண்டேயிருந்தேன்.

நீ தடுத்தும் கேளாமல் கூட வந்த உன் அம்மா, நம்மைத் தெரியாதவர்போல் முன்னால் உட்கார்ந்திருந்தார். பஸ்ஸுக்குள் சிங்களம் தவிர ஒரு வார்த்தை பேசாதவர். அவர் எழுந்து கண்டக்டரைப் பார்த்துத் தமிழிலேயே சொன்னார்.

"அது என் மகதாங்க. நாங்க ஒண்ணாத்தான் வந்தோம்."

எழுந்து வந்தவன் அப்படியே நின்றான். கொஞ்ச நேரம் கழித்து கண்டக்டர் மணியடித்தார், பஸ் நகர்ந்தது. வீட்டுக்கு வந்ததும், இதை யாருக்கும் காட்டக் கூடாது என்று அம்மா சொல்லிவிட்டார். நீ சண்டை போட்டாய், சாப்பிடாமல் கிடந்தாய். அவர் அசையவில்லை. அவர் சம்மதிக்காமல் அதை ஓடவிட உனக்கும் மனம் வரவில்லை. அந்தச் சண்டை தீருமுன்னே டெங்கு உன்னைக் கொண்டுபோய்விட்டது.

இப்போது உன் நினைவாக அந்தச் சீட்டுகளைக் கொழும்பில் மறுபடி வைக்கப் போகிறார்கள். வீடியோவும் வேண்டுமாம். போன ஞாயிறு உன் அம்மாவிடம் போய்ப் போனைக் கொடுத்தேன். முழுவதும் பார்த்தார். தன் குரல் வந்த இடத்தைத் திரும்பப் போடச் சொன்னார். உன் முகத்தை விரலால் தொட்டார். தொட்டதும் படம் நின்றுவிட்டது. பதறிப்போய் என்னைப் பார்த்தார்.

"நல்லாத்தான் செஞ்சிருக்கா. ஆனா வேணாம் புள்ள. நான் நாளைக்கும் அதே பஸ்ஸுலதானே போவணும்."

கொழும்புக்காரர்களிடம் முடியாது என்று சொல்லிவிட்டேன். நீ இருந்திருந்தால் என்னைக் கிழித்திருப்பாய். எனக்கும் கோபம்தான், யார்மேல் என்றுதான் தெரியவில்லை. நீ செய்ததிலேயே பெரியது இதுதான். உன் அம்மா அந்த பஸ்ஸில் போகிறவரைக்கும் அது என் போனிலேயே இருக்கும்.