விருந்தாளியின் சட்டைகள்

ஜகார்த்தா,
6 ஏப்ரல் 1986

யுலி,

நலம். நீயும் மகள் ரத்னாவும் நலமாகத்தான் இருப்பீர்கள். துணிக்கடையில் தலைக்கு மேல் வேலை. போன பெருநாளுக்குப் பிறகு எழுத முடியவில்லை.

ஊருக்குப் போயிருந்த என் கடைக் கூட்டாளி மர்வான் திரும்பி வந்தான். "அங்க தச்சன் பஹார் உன் வீட்டுல உக்காந்து காப்பி குடிக்கிறான். நீ இங்க துணி கிழிச்சுக்கிட்டு இரு!" என்று நாலு பேர் முன்னால் சிரித்தான். என் வீட்டில் அந்நிய ஆணுக்கு என்ன வேலை? இனி அவன் படியேறக் கூடாது.

உன் கணவன்,
ஷாஃப்ரில்

பாயாகும்பு,
19 ஏப்ரல் 1986

அன்புள்ள உடா ஷாஃப்ரில்,

உங்கள் வீடா? இது என் அம்மாவின் வீடு, இப்போது என்னுடையது, நாளை ரத்னாவுடையது. நம் வழக்கத்தில் கணவன் பெண் வீட்டுக்கு விருந்தாளி. விருந்தாளிகூட இடையில் ஒருமுறை எட்டிப் பார்ப்பான்.

ரத்னா காய்ச்சலில் கிடந்தபோது காற்றில் கூரைத் தகரம் பிய்ந்தது. கட்டில் மேல் மழை. என் தாய்மாமாதான் பஹாரை அழைத்து வந்தார். நனைந்துபோய் இறங்கியவருக்குக் காப்பி கொடுத்தேன். குடிக்கும் முன், "புள்ளைக்குக் காய்ச்சல் விட்டுச்சா அக்கா?" என்று கேட்டார்.

நீங்கள் எதைக் கேட்டிருக்கிறீர்கள், பாருங்கள்.

யுலினார்

ஜகார்த்தா,
4 மே 1986

என் அன்பு யுலி,

ரத்னா இப்போது எப்படி இருக்கிறாள்? வெட்கமாக இருக்கிறது.

உன்னிடம் மறைக்க மாட்டேன். பக்கத்துக் கடையில் லஸ்திரி என்று ஒரு விதவை. மழைக்குக் கடை சாத்திய மதியம், "ஊர்ல யாரு உங்களுக்காகக் காத்துக்கிட்டு இருக்கா? சாப்பிட்டுட்டு இங்கயே படுங்க" என்றாள். மனம் ஆடியது, யுலி. உட்காரவும் செய்தேன். தட்டை வைக்கும்போது, "மீனா, கோழியா?" என்று கேட்டாள். எனக்கு என்ன பிடிக்கும் என்று நீ ஒருநாளும் கேட்க வேண்டியிருந்ததில்லை. எழுந்து வந்துவிட்டேன்.

கடையை மர்வானிடம் விட்டுவிட்டுப் பெருநாளுக்கு வருகிறேன், இனித் திரும்பப் போவதில்லை. என் சட்டைகளை வெயிலில் போட்டு வை.

உன்,
ஷாஃப்ரில்

பாயாகும்பு,
17 மே 1986

உடா,

ரத்னா நலம்.

நீங்கள் எழுந்து வந்ததற்கு நான் என்ன பரிசு தர வேண்டும்? நான் இங்கே இத்தனை காலம் எழுந்து எங்கும் போகவில்லை. அதை யாருக்கும் எழுதவும் இல்லை.

எனக்கும் பொறாமை இருந்தது. லஸ்திரி மேல் இல்லை, பஹாரின் மனைவி மேல். கூரை வேலை நடந்த நாட்களில் பஹார் காப்பியை அவசரமாகக் குடிப்பார். "இருட்டுறதுக்குள்ள போகலேன்னா வாசல்லயே நிப்பா" என்பார். வாசலில் நிற்பது எனக்கும் பழக்கம்தான். வந்து சேர ஆள் இருந்தது அவளுக்கு.

உங்கள் கடிதம் வருவதற்கு முந்தைய வெள்ளியன்றே தாய்மாமா உங்கள் சட்டைகளை மூட்டையாகக் கட்டி உங்கள் அம்மா வீட்டில் கொடுத்துவிட்டார். அதற்கு என்ன அர்த்தம் என்று நம் ஊரில் யாருக்கும் சொல்ல வேண்டியதில்லை. நான்தான் கட்டச் சொன்னேன். இந்த வீட்டில் நீங்கள் இனி விருந்தாளியும் இல்லை.

பேருந்திலிருந்து இறங்கியதும் நேரே அங்கே போங்கள். பெருநாள் தொழுகை முடிந்ததும் ரத்னா வந்து உங்கள் கையை முத்தமிடுவாள். அவளிடம் என்னைப் பற்றிக் கேட்காதீர்கள்.

யுலினார்