குனியக் கூடாத நாற்பது நாள்

அன்பு மகளுக்கு அம்மா எழுதுவது. நானும் அப்பாவும் சுகம், நீயும் வேளைக்குச் சாப்பிட்டுத் தெம்பாக இருந்தால் அதுவே போதும். ஆபரேஷன் செய்த கண் தெளிந்துவிட்டது, ஊசியில் நூலை நானே கோர்க்கிறேன். ஆனால் இந்தக் கடிதம் வேறு விஷயத்துக்காக. போன லீவில் நீ பிரார்த்தனைக்கு உட்காராமல் விடியற்காலையில் மலையேறப் போனாய் என்று, கடவுளை மறந்தவள், அது இது என்று உன் அக்கா முன்னால் வாய்க்கு வந்தபடி பேசிவிட்டேன். நான் அங்கதாம்மா கும்பிடுறேன் என்றாய், திமிர் என்று நினைத்தேன். அன்றிலிருந்து நீ ஒரு மலைப்படம்கூட அனுப்புவதில்லை, சாப்பிட்டேன், தூங்கினேன் என்று இரண்டே வார்த்தையில் போனை வைத்துவிடுகிறாய். அது எனக்கு நெஞ்சில் முள்ளாக இருக்கிறது.

கண் டாக்டரம்மா நாற்பது நாள் தலை குனியவே கூடாது என்று சொல்லிவிட்டார். நெற்றி தரையில் படாமல் எனக்குப் பிரார்த்தனை ஆகாது, உனக்குத் தெரியாததா. மூன்றாம் நாள் அப்பா பல் தேய்க்கும் நேரம் பார்த்து மெல்லக் குனிந்தேன், மனிதர் வாயில் நுரையோடு ஓடி வந்து, ஏண்டி, கடவுள் என்ன கட்டிலுக்கு அடியிலயா இருக்காரு என்று சத்தம் போட்டுப் பின்வாசலில் நாற்காலி போட்டு உட்கார வைத்துவிட்டார். பஸ் கண்டக்டராக இருந்தவருக்கு ஆளை உட்கார வைக்கச் சொல்லித்தர வேண்டுமா. எதிரே கழிவுநீர்க் குழாய், சுவர் விரிசலில் நான் மாதாமாதம் பிடுங்கிப் போடும் அந்தச் செடி. இதைப் பார்த்துக்கொண்டு என்னத்தைக் கும்பிடுவது என்று நாலைந்து நாள் எரிச்சலாகத்தான் வந்தது. பிறகு மழை விட்ட ஒரு காலையில் அந்த இலையின் ஓரம் கண்ணில் பட்டது, பல் பல்லாக, ஒன்றுகூடப் பிசகாமல். முப்பது வருஷமாகத் துணிக்கு ஓரம் அடிக்கிறேன், எனக்கு அப்படி ஒருநாளும் வந்ததில்லை. யாரும் திரும்பிப் பார்க்காத சாக்கடைச் செடிக்குக் கடவுள் இவ்வளவு பார்த்துப் பார்த்துச் செய்திருக்கிறாரே என்று அழுகை வந்துவிட்டது. அழவும் கூடாதாம், அப்பா மறுபடி ஓடி வந்தார்.

நாற்பது நாள் முடிந்து பத்து நாளாகிறது, நான் இன்னும் அங்கேதான் உட்காருகிறேன். இத்தனை வயதில் இது கிடைத்ததற்கு யாருக்கு நன்றி சொல்வது என்று தெரியாமல் எல்லோருக்கும் சொல்கிறேன், அந்த டாக்டரம்மாவுக்கும் சேர்த்து. ஆனால் உனக்கு இது முன்பே தெரிந்திருந்தது, நான்தான் சொல்ல விடவில்லை. பெற்றவள் என்பதற்காகத் தப்பு சரியாகிவிடாது, அம்மாவை மன்னித்துக்கொள்.

நீ நூறு வயது நன்றாக இருக்க வேண்டும். ஈரக்காலோடு நிற்காதே, மலைக்குத் தனியாகப் போகாதே. அங்கே நீ என்ன பார்க்கிறாய் என்று ஞாயிற்றுக்கிழமை போனில் சொல். நான் நடுவில் ஒரு வார்த்தை பேசமாட்டேன்.

ஆசையோடு,
உன் அம்மா