அந்த ஜெராக்ஸ் வேண்டாம்

அப்பா,

எனக்கு ஆறு மணி ஷிப்ட், கிளம்புகிறேன். சாப்பாடு மூடி வைத்திருக்கிறேன். தங்கச்சிக்குப் பத்து மணிக்கு செல்லோ வாத்தியப் பரீட்சை. உங்கள் கடையில் எடுத்த இசைத்தாள் ஜெராக்ஸை அவள் பையிலிருந்து எடுத்துவிட்டேன். திரும்ப வைக்காதீர்கள்.

"எழுதினவன் செத்து இருநூறு வருஷம் ஆச்சு, யாரு வந்து கேக்கப் போறாங்க?" என்றீர்கள். இசைக்கு யாரும் கேட்கமாட்டார்கள்தான். ஆனால் வில்லை எப்படி இழுப்பது, எந்த விரலை வைப்பது என்று குறித்து அந்தப் பதிப்பைப் போட்டவர் உயிரோடு இருக்கிறார். அந்தக் குறிப்புகளின் உரிமை அவருடையது. ஒவ்வொரு பக்கத்தின் அடியிலும் அச்சடித்திருந்தது. நீங்கள் அந்த வரிமேல் வெள்ளைத்தாளை வைத்து மறைத்து ஜெராக்ஸ் எடுத்திருக்கிறீர்கள், பதினோரு பக்கத்துக்கும். இனிமேல் தெரியாமல் செய்தோம் என்றுகூடச் சொல்ல முடியாது. பார்த்தால் அவளைப் பரீட்சையிலிருந்தே அனுப்பிவிடுவார்கள்.

மேசைமேல் இருப்பது அதே இசையின் ரொம்பப் பழைய பதிப்பு. உரிமைக் காலம் முடிந்துவிட்டது, நூலக இணையதளத்தில் இலவசமாகவே கிடைத்தது. விரல் குறிகள் மாறியிருக்கும். ஏழு மணிக்கே எழுப்பி வாசிக்கச் சொல்லுங்கள். தடுமாறினால் என்னைத் திட்டுங்கள், அவளை வேண்டாம்.

சாவியைப் பக்கத்து வீட்டு அக்காவிடம் கொடுங்கள்.

நேற்று உங்களைப் படிக்காதவர் என்று சொன்னது தப்பு. மற்றதெல்லாம் சரிதான்.

இன்னொன்று. மூன்று வருஷமும் என் காலேஜ் புத்தகமெல்லாம் நீங்கள் எடுத்துத் தந்த ஜெராக்ஸ்தான். அப்போதே எனக்கு இந்தச் சட்டம் தெரியும். வாயைத் திறக்கவில்லை.